கச்சிதம்: இயற்பியல் கோட்பாடுகளில் அழகு என்று எதைச் சொல்கிறார்கள்?

1950-களின் நடுவில் மாஸ்கோ பல்கலைக்கழகத்துக்குச் சென்றிருந்த பிரிட்டிஷ் இயற்பியலாளர் பால் டிராக்கிடம், இயற்பியலைப் பற்றிய அவருடைய அடிப்படைக் கருத்தைக் கரும்பலகையில் எழுதும்படி கேட்டார்கள். பேச்சில் மிகுந்த சிக்கனக்காரர் என்று பெயரெடுத்திருந்த டிராக், இயற்பியல் விதிக்குக் கணித அழகு இருந்தாக வேண்டும் என்ற பொருளில் ஒரே ஒரு வரியை எழுதிவிட்டு நிறுத்திக்கொண்டார்.

இதை முதன்முறையாகக் கேள்விப்படுபவருக்கு ஓர் ஐயம் எழுவது நியாயமே. அழகு என்பது ஆளுக்கு ஆள் மாறுவது. ஒருவருக்குப் பிடித்த நிறம் மற்றவருக்குப் பிடிப்பதில்லை. எலக்ட்ரான் தன் போக்கில் சுற்றுகிறது, விண்மீன் தன் போக்கில் எரிகிறது. மனிதர்களின் ரசனைக்கு அவை ஏன் கட்டுப்பட வேண்டும்? சோதனைச் சாலையில் அளந்து பார்த்து முடிவு செய்ய வேண்டிய விஷயத்தில் அழகுக்கு என்ன வேலை? இந்த ஐயத்தை அவசரப்பட்டுத் தீர்த்துவிடக் கூடாது என்பது என் எண்ணம். ஏனென்றால் இயற்பியலின் வரலாற்றில் அழகை நம்பி வென்றவர்களும் இருக்கிறார்கள், அதே அழகை நம்பிப் பல ஆண்டுகளைத் தொலைத்தவர்களும் இருக்கிறார்கள். சில வேளைகளில் இருவரும் ஒரே ஆளாகவே இருந்திருக்கிறார்கள்.

முதலில் சொல்லைத் தெளிவுபடுத்திக்கொள்வோம். சார்பியலைப் பொதுவாசகர்களுக்கு விளக்கி ஐன்ஸ்டைன் 1916-இல் எழுதிய நூலின் முன்னுரையில், நேர்த்தியைத் தையற்காரரிடமும் செருப்புத் தைப்பவரிடமும் விட்டுவிட வேண்டும் என்ற இயற்பியலாளர் போல்ட்ஸ்மானின் அறிவுரையைத் தாம் பின்பற்றியிருப்பதாகச் சொல்கிறார். எழுத்து நடையைப் பற்றி அவர் சொன்ன சொல் அது. ஆனால் இயற்பியலாளர்கள் ஒரு கோட்பாட்டை அழகானது என்று பாராட்டும்போது அவர்கள் மனத்தில் இருப்பது ஏறக்குறைய தையற்காரரின் அளவுகோல்தான். உடம்பில் எங்கும் பிடிக்காமலும் எங்கும் தொளதொளக்காமலும் இருக்கும் சட்டையைக் கச்சிதமாக இருக்கிறது என்கிறோம். அதில் ஓர் அங்குலத்தைக் கூட்டினாலும் கெட்டுப்போகும், குறைத்தாலும் கெட்டுப்போகும். நல்ல கோட்பாடும் அப்படித்தான். குறைந்த அனுமானங்களை எடுத்துக்கொண்டு நிறைய நிகழ்வுகளை விளக்குவது, எங்கே தொட்டாலும் முழுவதும் குலைந்துவிடும்படி இறுக்கமாக இருப்பது, தொடர்பே இல்லை என்று நினைத்திருந்த இரண்டை ஒன்று என்று காட்டுவது ஆகியவை இந்தக் கச்சிதத்தின் அடையாளங்கள்.

கெப்ளரின் கூடுகளும் எட்டுக் கலைகளும்

அழகு இயற்பியலில் எப்படி இடம் மாறியது என்பதைப் பார்க்க யோகான்னசு கெப்ளரைவிட நல்ல எடுத்துக்காட்டு இல்லை. 1595-இல் ஆஸ்திரியாவின் கிராட்ஸ் நகரில் கணித ஆசிரியராக இருந்தபோது, பாடம் நடத்திக்கொண்டிருந்த நேரத்தில் அவருக்கு ஓர் எண்ணம் தோன்றியது. அன்று அறியப்பட்டிருந்த கோள்கள் ஆறு. அவற்றுக்கு இடையே உள்ள இடைவெளிகள் ஐந்து. எல்லா முகங்களும் ஒரே அளவான ஒழுங்குப் பலகோணங்களாகவும் எல்லா முனைகளும் ஒரே மாதிரியாகவும் அமையும் குவிந்த திண்ம வடிவங்களும் சரியாக ஐந்துதான் உண்டு என்பது கிரேக்கர் காலத்திலிருந்தே தெரிந்த கணித உண்மை. ஒன்றுக்குள் ஒன்றாக இந்த ஐந்து வடிவங்களை அடுக்கி, இடையிடையே கோளங்களைப் பொருத்தினால் கோள்களின் தொலைவுகள் ஓரளவுக்குக் கிடைத்துவிடுகின்றன. கோள்கள் ஏன் ஆறு மட்டும் என்ற கேள்விக்கும் விடை கிடைத்துவிடுகிறது. இதைவிட அழகான விளக்கம் வேறென்ன இருக்க முடியும்? 1596-இல் அவர் இதை நூலாகவே வெளியிட்டார்.

விளக்கம் அழகாக இருந்தது. ஆனால் அது தவறு. ஆறு என்ற எண்ணிக்கையே ஒரு தற்செயல். 1781-இல் யுரேனஸ் கண்டுபிடிக்கப்பட்டபோது ஐந்து இடைவெளிகள் என்ற கணக்கும் முடிந்துபோனது. ஆனால் கெப்ளரின் பெருமை அவர் அந்த இடத்தில் நின்றுவிடாததில் இருக்கிறது. பிராகா நகரில் வானியலாளர் டைக்கோ பிராகேயிடம் பணியில் சேர்ந்து, 1601-இல் டைக்கோ இறந்த பின் அவர் விட்டுச்சென்ற செவ்வாய்க் கோளின் அளவீடுகளை வைத்துக்கொண்டு பல ஆண்டுகள் கணக்குப் போட்டார். வட்டப்பாதையை அடிப்படையாகக் கொண்டு அவர் அமைத்த மிகச் சிறந்த கணக்கு, டைக்கோவின் அளவீட்டிலிருந்து 8 கலை விலகி நின்றது. ஒரு பாகையை 60 கூறுகளாக்கினால் ஒரு கூறு ஒரு கலை. 8 கலை என்பது வானத்தில் முழுநிலவின் அகலத்தில் ஏறத்தாழ கால் பங்கு. வெறும் கண்ணால் பார்த்துக் கோள்களை அளந்த காலத்தில் வேறு யாராக இருந்தாலும் இதை அளவீட்டுப் பிழை என்று ஒதுக்கியிருப்பார்கள். டைக்கோ அவ்வளவு பெரிய பிழை செய்யக்கூடியவர் அல்லர் என்பது கெப்ளருக்குத் தெரியும். வட்டத்தைக் கைவிட்டார்.

கிடைத்தது நீள்வட்டம். செவ்வாயின் பாதையைத் தரையில் ஒரு மீட்டர் நீளத்துக்குச் சுண்ணாம்புக் கட்டியால் வரைந்தால் அதன் அகலம் நீளத்தைவிட ஏறத்தாழ 4 மில்லிமீட்டர்தான் குறைவாக இருக்கும். வட்டம் என்றே நம் கண் சொல்லும். அந்த 4 மில்லிமீட்டருக்காக இரண்டாயிரம் ஆண்டுகளாக முழுமையின் வடிவம் என்று போற்றப்பட்ட வட்டத்தை விட்டுக்கொடுக்க வேண்டியிருந்தது. கெப்ளருக்கே இது மனத்துக்கு உவப்பாக இல்லை. வானியலின் தொழுவத்தைச் சுத்தம் செய்துவிட்டு ஒரு வண்டிச் சாணத்தை மட்டும் மிச்சம் வைத்திருக்கிறேன் என்ற பொருளில் அவர் ஒரு கடிதத்தில் தம் முட்டைவடிவப் பாதையைப் பற்றி எழுதினார். கலிலியோ நீள்வட்டத்தைக் கடைசிவரை ஏற்கவில்லை.

அந்தச் சாணம் எதற்கு உரமானது என்பது 1687-இல் நியூட்டன் தம் பெருநூலை வெளியிட்டபோது தெரிந்தது. இரண்டு பொருள்களுக்கு இடையே உள்ள ஈர்ப்பு தொலைவின் வர்க்கத்துக்கு ஏற்பக் குறைகிறது, அதாவது தொலைவு இரு மடங்கானால் ஈர்ப்பு கால் பங்காகிறது என்ற ஒரே விதியை எடுத்துக்கொண்டால், சூரியனைச் சுற்றும் கோளின் பாதை நீள்வட்டமாகத்தான் இருக்க முடியும் என்பது கணக்கிலேயே வந்துவிடுகிறது. வட்டம் அதில் ஒரு தனிநிலை மட்டுமே. இப்போது அழகு எங்கே போய்விட்டது என்று கவனியுங்கள். பாதையின் வடிவத்தில் இருந்த அழகு போய்விட்டது. ஆனால் பாதையை ஆளும் விதிக்குள் அதைவிடப் பெரிய அழகு வந்து உட்கார்ந்துகொண்டது. கண்ணுக்குத் தெரிகிற உருவத்திலிருந்து கண்ணுக்குத் தெரியாத விதிக்கு நடந்த இந்த இடமாற்றம்தான், இயற்பியலில் அழகு என்ற பேச்சு முழுவதையும் புரிந்துகொள்வதற்கான திறவுகோல் என்று நான் கருதுகிறேன்.

அந்த விதியின் வீச்சை ஒரு சின்னக் கணக்கிலேயே பார்த்துவிடலாம். மரத்திலிருந்து விழும் பழம் முதல் நொடியில் 4.9 மீட்டர் விழுகிறது. பூமியின் மையத்திலிருந்து நாம் ஒரு புவி ஆரத் தொலைவில் இருக்கிறோம். சந்திரன் ஏறத்தாழ 60 புவி ஆரத் தொலைவில் இருக்கிறது. விதி சரி என்றால் அங்கே பூமியின் ஈர்ப்பு 60-இன் வர்க்கமான 3600 மடங்கு குறைந்திருக்க வேண்டும். 4.9 மீட்டரை 3600-ஆல் வகுத்தால் 1.36 மில்லிமீட்டர். இப்போது வேறொரு வழியில் வருவோம். சந்திரன் 3,84,000 கிலோமீட்டர் தொலைவில் 27.3 நாளுக்கு ஒரு முறை பூமியைச் சுற்றி வருகிறது. அதாவது நொடிக்கு ஒரு கிலோமீட்டருக்குச் சற்று மேல் நகர்கிறது. நேர்கோட்டில் போய்விடாமல் பூமியைச் சுற்றி வளைய வேண்டுமானால் ஒவ்வொரு நொடியும் அது பூமியை நோக்கி எவ்வளவு விழ வேண்டும் என்று வட்டத்தின் வடிவியலை மட்டும் வைத்துக் கணக்கிட்டால், கிடைப்பது அதே 1.36 மில்லிமீட்டர். பழத்துக்கு ஒரு விதி, வானத்துக்கு ஒரு விதி என்று அரிஸ்டாட்டில் காலத்திலிருந்து இருந்த சுவர் இந்த ஒரு வகுத்தல் கணக்கில் இடிந்து விழுகிறது. கையில் பென்சிலும் தாளும் இருப்பவர்கள் ஒரு முறை போட்டுப் பார்ப்பது நல்லது. படிப்பதைவிடப் போட்டுப் பார்க்கும்போதுதான் அழகு என்ற சொல்லை ஏன் பயன்படுத்துகிறார்கள் என்பது உறைக்கும்.

விதியின் சமச்சீர்

சமச்சீர் என்றதும் பூவின் இதழ்களும் பனித்துகளின் ஆறு கிளைகளும் நினைவுக்கு வருகின்றன. அவை உருவத்தின் சமச்சீர். இயற்பியலாளர் பேசுவது விதியின் சமச்சீரைப் பற்றி. ஒன்றை மாற்றிய பிறகும் விதி மாறாமல் இருந்தால், அந்த மாற்றத்தைப் பொறுத்தவரை விதி சமச்சீரானது என்பார்கள். இன்று செய்த சோதனையை அதே சூழலில் அடுத்த மாதம் செய்தாலும் அதே விடை கிடைக்கிறது என்றால், காலத்தை நகர்த்துவதைப் பொறுத்து இயற்கை விதி சமச்சீரானது.

இது ஏதோ ஏட்டுச் சுரைக்காய் போலத் தோன்றலாம். ஜெர்மானியக் கணிதவியலாளர் எம்மி நோய்த்தர் 1918-இல் வெளியிட்ட தேற்றம், இத்தகைய தொடர்ச்சியான சமச்சீர் ஒவ்வொன்றுக்கும் இயற்கையில் மாறாமல் காக்கப்படும் ஓர் அளவு உண்டு என்று நிறுவியது. காலச் சமச்சீருக்கு உரிய அளவு ஆற்றல். ஏன் என்பதை வீட்டு மாடியில் உள்ள தண்ணீர்த் தொட்டியை வைத்தே பார்க்கலாம். புவியீர்ப்பு இரவில் சற்றுக் குறைந்து பகலில் கூடுகிறது என்று வைத்துக்கொள்வோம். அதாவது விதி நேரத்துக்கு நேரம் மாறுகிறது. அப்போது இரவில் மோட்டாரைப் போட்டுக் குறைந்த மின்சாரத்தில் தொட்டியை நிரப்பிவிட்டு, பகலில் அதே தண்ணீரைக் கீழே விட்டு ஒரு சுழலியைச் சுற்றவைத்தால், செலவழித்ததைவிட அதிக மின்சாரம் கிடைக்கும். மறுநாளும் அதையே செய்யலாம். யாருடைய கணக்கிலும் வராத ஆற்றல் நாள்தோறும் ஒன்றுமில்லாததிலிருந்து வந்துகொண்டே இருக்கும். அப்படி நடப்பதில்லை என்பதும், விதி நேரத்துக்கு நேரம் மாறுவதில்லை என்பதும் ஒரே உண்மையின் இரு முகங்கள். பள்ளியில் மனப்பாடம் செய்த ஆற்றல் அழிவின்மை விதி, தனியாக ஒரு விதியாக இருக்க வேண்டிய தேவையே இல்லாமல், சமச்சீரிலிருந்து தானாக விழுகிறது. இருபதாம் நூற்றாண்டு இயற்பியலாளர்கள் சமச்சீரின் மீது வைத்த அளவற்ற நம்பிக்கைக்கு இந்தத் தேற்றம் பெரிய காரணம்.

திருகு இல்லாத கோட்பாடு

கச்சிதத்தின் உச்சமாகப் பலரும் காட்டுவது ஐன்ஸ்டைனின் பொதுச் சார்பியல். அதன் சமன்பாடுகளைத் தீர்ப்பது எளிதன்று. மொத்தம் பத்துச் சமன்பாடுகள், ஒன்றோடொன்று பின்னிக் கிடப்பவை. ஆகவே எளிமை என்ற சொல்லைக் கவனமாகக் கையாள வேண்டும். எளிமை அதன் அடிப்படை எண்ணத்தில் இருக்கிறது. கனமான பொருளும் லேசான பொருளும் காற்றுத் தடை இல்லாதபோது ஒரே வேகத்தில் விழுகின்றன என்பதை நியூட்டனின் கோட்பாடு ஏற்றுக்கொள்கிறது. ஆனால் ஏன் என்று அதனால் சொல்ல முடிவதில்லை. பொருளைத் தள்ளும்போது அது காட்டும் மந்தத்தன்மையின் அளவும், ஈர்ப்பு அதைப் பிடித்து இழுக்கும் அளவும் ஏனோ துல்லியமாகச் சமமாக இருக்கின்றன, அவ்வளவுதான். ஐன்ஸ்டைனின் கோட்பாட்டில் ஈர்ப்பு என்பது வெளியும் காலமும் வளைந்திருப்பதன் விளைவு. எல்லாப் பொருளும் அதே வளைவில் போவதால் எல்லாம் ஒரே மாதிரி விழுந்தே தீர வேண்டும். முன்பு தற்செயலாக இருந்தது இப்போது தவிர்க்க முடியாததாகிவிட்டது.

இதன் வலிமையைப் புதன் கோளில் பார்க்கலாம். புதனின் நீள்வட்டப் பாதை நிலையாக நிற்பதில்லை. பாதையே மெதுவாகத் திரும்புகிறது. மற்றக் கோள்களின் இழுப்பையெல்லாம் கழித்த பிறகும் நூறாண்டுக்கு 43 விகலை மிச்சம் நின்றது. ஒரு கலையின் அறுபதில் ஒரு பங்கு விகலை. நூறு மீட்டர் தொலைவில் நிறுத்திவைத்த ஒரு ரூபாய் நாணயத்தின் அகலம் நம் கண்ணில் ஏறத்தாழ 43 விகலைக் கோணத்தை ஏற்படுத்தும். நூறாண்டில் அவ்வளவுதான் பிசகு. 1859-இல் இந்தப் பிசகை வெளிப்படுத்திய பிரெஞ்சு வானியலாளர் லெவெர்யே, சூரியனுக்கு அருகே கண்டறியப்படாத பொருள் இருக்கலாம் என்றார்; வல்கன் என்று பெயரிட்டுத் தேடினார்கள், அகப்படவில்லை. 1894-இல் ஆசாஃப் ஹால் என்ற அமெரிக்க வானியலாளர் வேறொரு வழியைக் காட்டினார். ஈர்ப்பு தொலைவின் 2-ஆம் அடுக்குக்கு ஏற்பக் குறைகிறது என்பதற்குப் பதிலாக 2.00000016-ஆம் அடுக்குக்கு ஏற்பக் குறைகிறது என்று வைத்துக்கொண்டால் புதனின் கணக்கு சரியாகிவிடுகிறது.

கணக்கு சரியாகிவிட்டதே, பிறகு என்ன குறை என்று கேட்கலாம். இயற்பியல் தெரிந்த யாருக்கும் அந்த எண்ணைப் பார்த்ததும் முகம் சுளிக்கும். அந்த 16 எங்கிருந்து வந்தது? புதனுக்குப் பொருந்த வேண்டும் என்பதற்காக வந்தது. நாளைக்கு அளவீடு மாறினால் 17 ஆக்கிக்கொள்ளலாம். அது ரேடியோப் பெட்டியின் திருகு போன்றது. வேண்டிய ஒலி வரும்வரை திருப்பிக்கொண்டே இருக்கலாம். பின்னர் சந்திரனின் இயக்கத்தைத் துல்லியமாகக் கணக்கிட்டபோது அந்த எண் அங்கே பொருந்தவில்லை. 1915 நவம்பரில் ஐன்ஸ்டைன் தம் கோட்பாட்டிலிருந்து கணக்கிட்டபோது 43 விகலை தானாக வந்தது. அவர் திருப்புவதற்கு அந்தக் கோட்பாட்டில் எந்தத் திருகும் இல்லை. வேறு விடை வந்திருந்தால் கோட்பாட்டையே தூக்கிப் போட வேண்டியிருந்திருக்கும். விடை வந்த நாள்களில் தமக்கு நெஞ்சு படபடத்தது என்று அவர் நண்பர்களிடம் சொல்லியிருக்கிறார்.

அழகுக்கும் உண்மைக்கும் உள்ள உறவை நான் புரிந்துகொண்டிருப்பது இந்த இடத்தில்தான். அழகான கோட்பாடு உண்மையாக இருந்தே தீரும் என்பதற்கு எந்த உத்தரவாதமும் இல்லை. ஆனால் திருகு இல்லாத கோட்பாடு தவறாக இருந்தால் அது உடனே மாட்டிக்கொள்ளும். தப்பிக்க அதற்கு வழி இல்லை. அப்படிப்பட்ட கோட்பாடு சோதனையில் தேறினால் அந்தத் தேர்ச்சிக்கு மதிப்பு அதிகம்.

டிராக்கின் அனுபவம் இன்னும் ஒரு படி மேலே போகிறது. 1928-இல் அவர் குவாண்டம் இயற்பியலையும் சிறப்புச் சார்பியலையும் ஒன்றிணைத்து எலக்ட்ரானுக்கு ஒரு சமன்பாடு எழுதினார். எலக்ட்ரான் பம்பரம் போன்ற தற்சுழற்சிப் பண்பு உடையது என்பது சோதனைகளிலிருந்து தெரிந்திருந்தாலும், அதை அவர் சமன்பாட்டுக்குள் வைக்கவில்லை. அது தானாக வெளியே வந்தது. அதோடு வேண்டாத விருந்தாளியாக, எதிர்மறை ஆற்றல் கொண்ட விடைகளும் வந்தன. முதலில் அவற்றைப் புரோட்டான் என்று சொல்லிப் பார்த்தார். அது பொருந்தாது என்று தெரிந்ததும் 1931-இல், எலக்ட்ரானைப் போலவே நிறையும் அதற்கு எதிரான மின்னூட்டமும் கொண்ட புதிய துகள் இருக்க வேண்டும் என்றார். 1932-இல் அமெரிக்காவில் கார்ல் ஆண்டர்சன், விண்வெளியிலிருந்து வரும் காஸ்மிக் கதிர்களின் ஒளிப்படத்தில் அந்தத் துகளைக் கண்டார். பாசிட்ரான் என்று பெயர் வந்தது. எழுதியவர் போட்டதைவிட அதிகமாகத் திருப்பித் தருகிற சமன்பாடு, எழுதியவரைவிடப் புத்திசாலி என்றே சொல்லத் தோன்றுகிறது.

இந்த அனுபவம்தான் 1963-இல் டிராக்கை, சமன்பாடு சோதனையோடு ஒத்துப்போவதைவிட அதில் அழகு இருப்பது முக்கியம் என்று எழுதவைத்தது. அவர் காட்டிய சான்று எர்வின் ஷ்ரோடிங்கர். சார்பியலோடு பொருந்தும் சமன்பாட்டைத்தான் ஷ்ரோடிங்கர் முதலில் அமைத்தார். ஹைட்ரஜனின் ஒளிக்கோடுகளோடு ஒத்துவராததால் அதைக் கைவிட்டு, சார்பியலை விட்டுவிட்ட தோராயமான வடிவத்தை 1926-இல் வெளியிட்டார். ஒத்துவராததற்குக் காரணம் சமன்பாடு அன்று. எலக்ட்ரானின் தற்சுழற்சி கணக்கில் சேராததுதான். டிராக் சொன்னதில் உண்மை இருக்கிறது. ஆனால் அதை ஒரு பொதுவிதியாக்கினால் என்ன ஆகும் என்பதை அடுத்து வருபவை காட்டுகின்றன.

கண்ணாடியில் தெரிந்த குறை

ஒரு பம்பரத்தைச் சுற்றவிட்டு அதன் பக்கத்தில் ஒரு கண்ணாடியை நிறுத்தினால், பிம்பத்தில் பம்பரம் எதிர்த்திசையில் சுற்றும். ஆனால் மேல் மேலாகவும் கீழ் கீழாகவுமே இருக்கும். கண்ணாடியில் தெரியும் உலகமும் நம் உலகின் விதிகளுக்கே கட்டுப்படும் என்பது 1950-கள்வரை கேள்விக்கு அப்பாற்பட்ட சமச்சீராக இருந்தது. 1956-இல் லீ, யாங் என்ற இரு சீன-அமெரிக்க இயற்பியலாளர்கள், கதிரியக்கச் சிதைவை ஆளும் மெல்விசையில் இதை யாரும் சோதித்ததே இல்லை என்று சுட்டிக்காட்டினார்கள். வூ சியென்-சியுங் என்ற பெண் இயற்பியலாளர் கோபால்ட்-60 அணுக்களைத் தனிச்சுழி வெப்பநிலைக்கு (வெப்பநிலை இறங்கக்கூடிய கடைசி எல்லைக்கு) மேல் ஒரு பாகையில் நூறில் ஒரு பங்கு அளவுக்குக் குளிர்வித்து, அவற்றின் கருக்கள் எல்லாம் ஒரே திசையில் சுழலும்படி காந்தப்புலத்தில் நிறுத்தினார். கண்ணாடிச் சமச்சீர் உண்மையானால், சிதையும் கருவிலிருந்து எலக்ட்ரான்கள் மேலும் கீழும் சம எண்ணிக்கையில் வர வேண்டும்; ஏனென்றால் பிம்பத்தில் சுழற்சி மட்டும் மாறுகிறது, மேல்கீழ் மாறுவதில்லை. எண்ணிப் பார்த்தபோது ஒரு பக்கம் தெளிவாக அதிகமாக வந்தது.

முடிவு வரும் முன், கடவுள் இடக்கைப் பழக்கம் உள்ளவர் என்பதை என்னால் நம்ப முடியவில்லை, பெரும் தொகை பந்தயம் கட்டத் தயார் என்று கடிதம் எழுதியவர் இயற்பியலாளர் வோல்ஃப்காங் பவுலி. 1957 தொடக்கத்தில் முடிவு வெளியானபோது, பந்தயத்தை யாரும் ஏற்காததால் பணம் தப்பியது என்ற நிலை. அவருடைய ரசனையை நாம் குறை சொல்லிவிட முடியாது; நோய்த்தர் காலத்திலிருந்து சமச்சீர் யாரையும் ஏமாற்றியதில்லை.

இதே கதைக்குள் இன்னொரு திருப்பமும் உண்டு. உடைந்த சமச்சீருக்குப் பின் மெல்விசையின் சரியான வடிவம் எது என்ற கேள்வி வந்தபோது, தாம்பரத்தில் உள்ள சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் படித்து அமெரிக்கா சென்றிருந்த ஜார்ஜ் சுதர்சன், தம் ஆசிரியர் ராபர்ட் மார்ஷக்குடன் சேர்ந்து, எல்லாச் சிதைவுகளுக்கும் பொதுவான ஒரே வடிவத்தை 1957-இல் முன்வைத்தார். அதற்கு எதிராக நான்கு சோதனை முடிவுகள் இருந்தன. கோட்பாட்டைத் திருத்துவதற்குப் பதிலாக, அந்த நான்கு சோதனைகளையும் மறுபடி செய்து பாருங்கள் என்றார்கள். செய்து பார்த்தார்கள், சோதனைகள்தாம் தவறாக இருந்தன. ஆக, அளவீடு எப்போதும் சரி, அழகு எப்போதும் சந்தேகத்துக்குரியது என்றும் சொல்லிவிட முடியாது.

அழகுணர்ச்சி ஒருவரை எவ்வளவு தூரம் வழிதவறச் செய்யும் என்பதற்குச் சுப்ரமணியன் சந்திரசேகரின் அனுபவம் சாட்சி. சென்னை மாநிலக் கல்லூரியில் படித்துவிட்டு 1930-இல், 19 வயதில், கப்பலில் இங்கிலாந்து போகும் வழியில் அவர் தொடங்கிய கணக்கு, சூரியனைப் போல ஏறத்தாழ 1.4 மடங்குக்கு மேல் நிறை கொண்ட வெண்குறு விண்மீன் (எரிபொருள் தீர்ந்து சுருங்கிப்போன விண்மீன்) தன் எடையைத் தாங்கி நிற்க முடியாது என்ற முடிவுக்குக் கொண்டுவந்தது. 1935 ஜனவரியில் லண்டனில் அரச வானியல் கழகக் கூட்டத்தில் அவர் இதை விளக்கியதும், அடுத்துப் பேச எழுந்த ஆர்தர் எடிங்டன், ஒரு விண்மீன் இப்படி அபத்தமாக நடந்துகொள்வதைத் தடுக்க இயற்கையில் ஒரு விதி இருக்கத்தான் வேண்டும் என்றார். கணக்கில் குறை காட்ட முடியாதபோது ரசனை பேசியது. எடிங்டன் சாதாரண ஆள் இல்லை. 1919 சூரிய கிரகணத்தின்போது ஐன்ஸ்டைனின் கணிப்பைச் சோதிக்கச் சென்ற பயணத்தை நடத்தியவர். அவர் வெறுத்த அந்த அபத்தத்தையே இன்று கருந்துளை என்கிறோம்.

1963-இல் நியூசிலாந்துக் கணிதவியலாளர் ராய் கெர், சுழலும் கருந்துளைக்கு ஐன்ஸ்டைன் சமன்பாடுகளின் துல்லியமான தீர்வைக் கண்டார். மின்னூட்டம் இல்லாத கருந்துளையை முழுமையாக விவரிக்க நிறை, சுழற்சி என்ற இரண்டு எண்கள் போதும். ஒரு கூழாங்கல்லைக்கூட இரண்டு எண்களில் அடக்க முடியாது. தம் அறிவியல் வாழ்வில் தம்மை மிகவும் உலுக்கிய அனுபவம், கணக்கற்ற கருந்துளைகளுக்கு இந்தத் தீர்வு அப்படியே பொருந்துகிறது என்று உணர்ந்ததுதான் என்ற கருத்தில் சந்திரசேகர் பின்னாளில் பேசினார். எடிங்டனின் ரசனையால் அடிபட்டவர், அழகைப் பற்றி இவ்வளவு உருகிப் பேசியதை நான் முரணாகப் பார்க்கவில்லை. எடிங்டன் அழகைத் தேடியது விண்மீனின் நடத்தையில். சந்திரசேகர் கண்டது சமன்பாட்டின் தீர்வில். கெப்ளரின் வட்டத்துக்கும் நியூட்டனின் விதிக்கும் இடையே இருந்த அதே தூரம்தான் இது.

தங்க வயலில் ஒரு காத்திருப்பு

ஆனால் விதிக்குள் இருக்கும் அழகும் கைவிடக்கூடும். 1974-இல் ஜியார்ஜை, கிளாஷோ என்ற இருவர், அணுக்கருவின் வல்விசை, மெல்விசை, மின்காந்த விசை மூன்றையும் ஒரே பெரிய சமச்சீரின் கிளைகளாகக் காட்டும் கோட்பாட்டை வெளியிட்டார்கள். ஒரு தலைமுறையைச் (அதாவது அடிப்படைத் துகள்களின் ஒரு குடும்பத்தைச்) சேர்ந்த பருப்பொருள் துகள்களின் 15 நிலைகள் அதில் ஐந்தாகவும் பத்தாகவும் மிச்சம் மீதி இல்லாமல் உட்காருகின்றன. எலக்ட்ரானின் மின்னூட்டமும் புரோட்டானின் மின்னூட்டமும் ஏன் அளவில் துல்லியமாகச் சமம் என்ற பழைய கேள்விக்கு அதில் இயல்பான விடை இருக்கிறது. கச்சிதம் என்றால் இதுதான் கச்சிதம். அதற்கு அது கேட்ட விலை ஒன்று: புரோட்டான் நிலையானதாக இருக்க முடியாது, என்றாவது சிதைய வேண்டும்.

அந்த என்றாவது, 1-க்குப் பின் ஏறத்தாழ 30 சுழிகள் போட்ட எண்ணிக்கையிலான ஆண்டுகள். பிரபஞ்சத்தின் வயதோ 1,380 கோடி ஆண்டுகள்தான். ஒரு புரோட்டானின் முன்னால் உட்கார்ந்து காத்திருக்க முடியாது. ஆனால் ஏராளமான புரோட்டான்களை ஒன்றாக வைத்துக் காத்திருக்கலாம். ஒரு டன் பொருளில் புரோட்டான்களும் நியூட்ரான்களும் சேர்ந்து 6-க்குப் பின் 29 சுழிகள் அளவுக்கு இருக்கின்றன. நூற்றுக்கணக்கான டன் இருந்தால் ஆண்டுக்குச் சில சிதைவுகளாவது தெரிய வேண்டும். காஸ்மிக் கதிர்களின் தொந்தரவிலிருந்து தப்ப ஆழமான நிலத்தடி வேண்டும்.

உலகில் இந்தத் தேடலை முதலில் தொடங்கிய இடங்களில் ஒன்று, தமிழ்த் தொழிலாளர்கள் தலைமுறை தலைமுறையாக இறங்கி உழைத்த கோலார் தங்க வயல். அங்கே 1965-இலேயே வளிமண்டலத்தில் உருவாகும் நியூட்ரினோக்கள் என்ற நுண்துகள்கள் கண்டறியப்பட்டிருந்தன. 1980-இல், தரைக்கு இரண்டு கிலோமீட்டருக்கும் கீழே, 140 டன் எடையுள்ள இரும்பு அடுக்குகளைக் கொண்ட கருவி புரோட்டானின் சாவுக்காகக் காத்திருக்கத் தொடங்கியது. மேலே சொன்ன கணக்குப்படி 140 டன்னில் 8-க்குப் பின் 31 சுழிகள் அளவுக்கு அணுக்கருத் துகள்கள். ஆயுள் 1-க்குப் பின் 31 சுழிகள் என்றால் ஆண்டுக்கு எட்டு. புரோட்டான் சிதைவாக இருக்கலாம் என்று சில நிகழ்வுகளை அந்தக் குழு அறிவித்தது. ஆனால் அமெரிக்காவிலும் ஜப்பானிலும் ஆயிரக்கணக்கான டன் நீரை வைத்து நடந்த பெரிய சோதனைகளில் அது உறுதிப்படவில்லை; 1974-இல் சொன்ன எளிய வடிவம் 1980-களிலேயே தள்ளப்பட்டது. தங்கச் சுரங்கம் 2001-இல் மூடப்பட்டது. ஜப்பானில் 50,000 டன் நீருடன் 1996 முதல் இயங்கும் சூப்பர் காமியோகாண்டே, முக்கியமான சிதைவு வழி ஒன்றில் புரோட்டானின் ஆயுள் 1-க்குப் பின் 34 சுழிகள் கொண்ட ஆண்டுகளையும் தாண்டும் என்று காட்டியிருக்கிறது.

ஜெனீவா அருகே உள்ள பெரிய ஹாட்ரான் மோதுவியில் 2012-இல் ஹிக்ஸ் துகள் கிடைத்த பிறகு, அறியப்பட்ட ஒவ்வொரு துகளுக்கும் ஓர் இணை உண்டு என்னும் மீச்சமச்சீர் என்ற இன்னொரு அழகான எண்ணம் முன்மொழிந்த இணைத்துகள்களும் கிடைக்கும் என்று பலர் எதிர்பார்த்தார்கள். இதுவரை ஒன்றும் கிடைக்கவில்லை. இந்த எண்ணத்துக்கும் 1974-இன் கோட்பாட்டுக்கும் ஒரு முக்கியமான வேறுபாடு உண்டு என்று நினைக்கிறேன். 1974-இன் எளிய வடிவத்தில் தப்பிக்க இடமில்லை, அதனால் பத்தே ஆண்டுகளில் மாட்டிக்கொண்டது. மீச்சமச்சீரில் திருகுகள் ஏராளம். துகள் கிடைக்காத ஒவ்வொரு முறையும் அதன் நிறையை இன்னும் கொஞ்சம் மேலே தள்ளிவைக்க முடிகிறது. ஹாலின் 2.00000016-ஐப் பார்த்துச் சுளித்த முகம் இங்கேயும் சுளிக்க வேண்டியதுதான்.

இத்தனைக்குப் பிறகும் புரோட்டான் சிதைவைத் தேடுவதை யாரும் நிறுத்தவில்லை. புரோட்டான், எலக்ட்ரான் ஆகிய இரண்டின் மின்னூட்டங்களுக்கு இடையே 1-க்குப் பின் 21 சுழிகளில் ஒரு பங்கு அளவுக்குக்கூட வேறுபாடு இல்லை என்று அளந்திருக்கிறார்கள். அதற்குக் காரணம் ஏதோ ஒன்று இருந்தாக வேண்டும் என்ற உறுத்தல், அந்தக் கோட்பாடு விழுந்த பின்னும் விழாமல் நிற்கிறது. சூப்பர் காமியோகாண்டேயைவிடப் பல மடங்கு பெரிய, ஏறத்தாழ 2.6 லட்சம் டன் நீர் கொள்ளும் அடுத்த தொட்டிக்காக ஜப்பானில் மலையைக் குடைந்திருக்கிறார்கள்.